விலைபோன மரியகொரட்டி

மரியகொரட்டியின் காலில் புதுச் செருப்பு. பதுளை நீதிமன்ற வாங்கில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த செபமாலைக்கு, அதைப் பார்த்ததுமே மீதிக் கதை விளங்கிவிட்டது. மகன் செத்து ஆறு மாதம் ஆகவில்லை, இவள் விலைபோய்விட்டாள்.

முதுகு வலி என்று தேயிலைக் கொழுந்தெடுப்பதை எப்போதோ விட்ட செபமாலை, வாய்க்கு மட்டும் ஓய்வு கொடுத்ததில்லை. போன புதன்கிழமை பொலிஸ் சார்ஜன்ட் தோட்டத்து லயத்து வீட்டுக்கு வந்த கதையை, மறுநாளே நீல மை ஒட்டிய பெருவிரலை ஆட்டி ஆட்டி, பசறை பஸ் முழுக்கப் பரப்பியவள் அவள்தான்.

"மரியகொரட்டி மலையில கொழுந்தெடுக்கப் போயிருந்தா. நாந்தான் தேத்தண்ணி குடுத்தேன். வந்து போனதுக்கு அடையாளம் கேட்டாரு, குடுத்தேன். என்னய மரியாதையா, சிங்களத்துல நோனான்னு கூப்பிட்டாரு. சும்மா வருவாரா? சமாதானம் பேசத்தான்."

இப்போது செருப்பு வேறு.

"புதுசு போல, கொரட்டி?"

"லோயரம்மா குடுத்தாங்கக்கா."

'லோயர் செருப்பும் குடுக்குதோ' என்று நினைத்துக்கொண்டாள் செபமாலை. "மறைக்காம சொல்லு. எதுக்குச் சம்மதிச்ச?"

"ஒண்ணுக்கும் இல்லக்கா. எம்மவன் றொனி குடிச்சிட்டு ரோட்டோரத் தண்ணிக் கானுக்குள்ள விழுந்தான்னு பொலிஸ்ல எழுதி வச்சிருக்காங்க. அவன் குடிக்கிறவனா? அந்த எழுத்து மாறணும். அவ்வளவுதான்."

றொனியை லொறி இடித்துப் போட்டது ஊருக்கே தெரியும். ஆனால் பொலிஸ் லொறியைத் தேடவே இல்லை. அதனால்தான் மறுபடி விசாரிக்க உத்தரவு கேட்டு, சட்டத்தரணி தர்மிளா மூலம் நேராக நீதவானிடம் வந்திருந்தாள் மரியகொரட்டி.

வழக்கைக் கூப்பிட்டார்கள். சார்ஜன்ட் ஒரு தாளைத் தூக்கிக் காட்டிச் சிங்களத்தில் சொன்னதை, மொழிபெயர்ப்பாளர் தமிழில் சொன்னார்.

"முறைப்பாட்டுக்காரி தன்னுடைய முறைப்பாட்டைப் போன புதன்கிழமை லயத்தில் வைத்து வாபஸ் வாங்கிவிட்டார். இது அவருடைய பெருவிரல் அடையாளம்."

நான் அப்பவே சொல்லலையா என்று பக்கத்து வாங்கைப் பார்க்கத் திரும்பிய செபமாலை, பாதியிலேயே நின்றுவிட்டாள்.

"நான் வைக்கலைங்க," என்றாள் மரியகொரட்டி.

நீதவான் அங்கேயே அவளைப் பெருவிரல் வைக்கச் சொன்னார். தாளில் விழுந்தது வெறும் மைப்பொட்டு. முப்பது வருஷம் கொழுந்து கிள்ளியதில் ரேகையெல்லாம் தேய்ந்து போயிருந்தது. சார்ஜன்டின் தாளிலோ ஒவ்வொரு ரேகையும் கோலம் போட்டதுபோல் தெளிவாக இருந்தது.

"மை கூடிவிட்டது," என்றார் சார்ஜன்ட்.

இன்னொரு தரம் வைத்தாள். அதே பொட்டு.

"இவர் விரல் வைத்ததை யாராவது பார்த்தார்களா?" நீதவான் கேட்டார்.

"இல்லை. லயத்தில் வேறு ஆளே இருக்கவில்லை."

ஆளே இருக்கவில்லையாம். தேத்தண்ணியை யார் குடுத்தது, பேயா?

சொல்லிவிட்டுச் சபையைத் திரும்பிப் பார்த்த சார்ஜன்டின் கண், கடைசி வாங்கில் வந்து நின்றது. அந்தப் பார்வையில் நோனா இல்லை. 'வாயைத் திறந்து பார்' என்பது மட்டும் இருந்தது.

பேசாமல் இருந்துவிட்டால் யாருக்கும் தெரியப்போவதில்லை. றொனிதான் செத்தும் குடிகாரனாகவே இருப்பான். முன்னால் நின்ற மரியகொரட்டியின் புதுச் செருப்பு, அவள் கால் நடுங்க நடுங்கத் தரையில் தட்டிக்கொண்டே இருந்தது.

நீதவான் உத்தரவு எழுதப் பேனாவை எடுத்தார்.

சேலைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு எழுந்தாள் செபமாலை.

"ஐயா, அது என்னோட வெரலுங்க."