பதினேழு மரக் காடு

"குயில் மாதிரி கூவுவியா மெரியல்?"

"காலங்கார்த்தால என்னடி கேள்வி இது? டீயாவது குடிக்க விடு ஹெஸ்டர்."

"கூவுவியா, மாட்டியா?"

மெரியல் கூவிக் காட்டினாள். வாயில் ரொட்டி இருந்ததால் சளி பிடித்த குயிலாகத்தான் கேட்டது. ஹெஸ்டருக்கு அதுவே போதும்.

விஷயம் இதுதான். ஹெஸ்டர் எழுதிய நாவலில் கதாநாயகன் கிடையாது, கல்யாணம் கிடையாது. நானூறு பக்கமும் ஒரு காடுதான் நினைக்கிறது, வருந்துகிறது, மழையில் சிரிக்கிறது. லண்டன் பெண்கள் அதைத் தலையில் வைத்துக்கொண்டு ஆடினார்கள். ஆண்கள், "இதில் கதை எங்கே?" என்று இன்னும் தேடிக்கொண்டிருந்தார்கள். அந்தப் பெருங்காடு உண்மையில் அவர்கள் வீட்டுக்கு எதிரே நின்ற பதினேழு நெட்டை பீச் மரங்கள்தான் என்பது அவளோடு ஒரே வீட்டில் வசித்த மெரியலுக்கு மட்டுமே தெரியும்.

அந்தப் பதினேழுக்கும் இப்போது ஆபத்து. தோப்பின் சொந்தக்காரரான கர்னல், வீடு கட்டுகிறவர்களுக்கு அதை விற்கப் பேசிக்கொண்டிருந்தார். லண்டனுக்குத் தெற்கே சஸெக்ஸ் குன்றுகள் பூராவும் அப்படித்தான் வீடாக முளைத்துக்கொண்டிருந்தது. ஹெஸ்டர் பதறிப்போய், 'என் காட்டைக் காப்பாற்றுங்கள்' என்று லண்டன் பத்திரிகை ஒன்றுக்கு எழுதினாள். 'எங்கள் விமர்சகர் வியாழக்கிழமை நேரில் வருவார்' என்று பதில் வந்தது. இன்று வியாழன்.

"பதினேழு மரத்தைப் பார்த்தா மனுஷன் சிரிச்சிட்டுப் போயிடுவான்," என்றாள் ஹெஸ்டர். "நல்லவேளை, பனிமூட்டம் கவிஞ்சு கிடக்கு. பத்தடிக்கு மேல ஒண்ணும் தெரியல. நான் அவரைச் சுத்திச் சுத்திக் கூட்டிட்டுப் போறேன். நீ முன்னால ஓடி, காட்டை உண்டாக்கு."

"நான் படம் வரையறவடி. காடு உண்டாக்குறவ இல்ல."

கதவு தட்டப்பட்டது. தொப்பியும் நனைந்த பூட்சுமாக ஒருவர் நின்றார்.

"மன்னிக்கணும் மேடம். லண்டன்லேர்ந்து வர்றேன். அந்த மரங்களைப் பார்க்கணும்."

நீங்கள் யார் என்று கேட்டிருக்கலாம். ஆனால் முகத்துக்கு நேரே அப்படிக் கேட்பது அந்த நாட்டில் பெரிய அநாகரிகம். பனியைப் பற்றிப் பேசலாம். பேசினார்கள்.

"என்ன பனி!"

"ஆமா, சரியான பனி!"

"போன வாரம் இப்படி இல்ல."

அதோடு அறிமுகம் முடிந்தது. மெரியல் பின்கதவு வழியாக முன்னால் ஓடிவிட, ஹெஸ்டரும் அவரும் தோப்புக்குள் நுழைந்தார்கள்.

"மண்ணு எப்படி மேடம்? தண்ணி நிக்குமா?"

"நிக்காது சார். பழைய ஞாபகம் மாதிரி உள்ளே இறங்கிடும்."

அவர் நோட்டுப் புத்தகத்தில் குறித்துக்கொண்டார். ஹெஸ்டருக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. அவளுடைய வாக்கியத்தை எந்த ஆணும் இதுவரை இப்படி எழுதி வைத்துக்கொண்டதில்லை.

"வேர் எவ்வளவு ஆழம் போகும்?"

"யாருமே என்கிட்ட இதைக் கேட்டதில்ல சார்!" அவளுக்குக் கண் கலங்கியே விட்டது. "மனுஷன் போக முடியாத ஆழத்துக்குப் போகும்."

அவர் பெருமூச்சோடு அதையும் எழுதினார்.

இடப்பக்கம் குயில் கூவியது. வலப்பக்கம் மரங்கொத்தி தட்டியது, சமையலறை மரக்கரண்டிதான். சற்றுத் தள்ளி ஓர் ஓடை சலசலத்தது. வாளி காலியானதும் நின்றுவிட்டது.

பழுப்பு நிறத்தில் ஏதோ ஒன்று குறுக்கே ஓடியது.

"மான்," என்றாள் ஹெஸ்டர்.

மான் தும்மியது.

"ஈரம் அதுங்களுக்கும் ஒத்துக்கறதில்ல சார்."

ஐந்தாவது சுற்றில் அவர் குனிந்து தரையைப் பார்த்தார். "இங்கே நிறையப் பேர் நடந்திருக்காங்களே?"

அத்தனையும் அவருடைய பூட்ஸ் தடம். ஹெஸ்டர் அசரவில்லை. "கவிஞர்கள் சார். சொன்னா கேக்கமாட்டாங்க."

ஒன்றரை மணி நேரம் கழித்து அவர் ஒரு வேரில் தொப்பென்று உட்கார்ந்தார். அதே வேரில் அவர் உட்காருவது மூன்றாவது தடவை.

"இன்னும் இருக்கா மேடம்?"

"பாதிகூட ஆகல சார்."

"போதும் தாயே! கிளம்பறேன்."

ஹெஸ்டர் அவரை வாசல்வரை கூட்டி வந்தாள். சாலையோரத்து முதல் மரத்துக்குப் பின்னால் மெரியல் மூச்சு வாங்கியபடி ஒளிந்திருந்தாள்.

"இப்படியொரு காட்டை நான் பார்த்ததே இல்ல," என்றார் அவர்.

"இதைப் பத்தி எழுதுவீங்களா சார்?"

"இன்னிக்கே எழுதிடுவேன்."

அவரைக் கட்டிக்கொள்ள வேண்டும்போல இருந்தது ஹெஸ்டருக்கு. "என்னன்னு எழுதுவீங்க?"

"சின்னத் தோப்பு, ஒரே வாரத்துல வெட்டிடலாம்னு கர்னல் சொன்னது பச்சைப் பொய்னு எழுதுவேன். இதை அழிச்சு வீடு கட்டறதுக்குள்ள எங்க கம்பெனியே அழிஞ்சுடும். இந்த இடமே நமக்கு வேண்டாம்னு முதலாளிகிட்ட சொல்லப்போறேன்."

தொப்பியைத் தூக்கி வணங்கிவிட்டு அவர் பனிக்குள் மறைந்தார். மரத்துக்குப் பின்னாலிருந்து குயில், யாரும் கேட்காமலே, மூன்று தடவை கூவியது.

ஹெஸ்டர் சிரித்த சிரிப்பில் பனியே விலகியது. பதினேழு மரங்களும் பளிச்சென்று தெரிந்தன. கூடவே, அவளுடைய நாவலைக் கக்கத்தில் இடுக்கியபடி ஸ்டேஷன் சாலையில் வேகவேகமாக வந்துகொண்டிருந்த ஒரு கண்ணாடிக்காரரும் தெரிந்தார்.

"கூவினது போதும் மெரியல்!" என்று அலறினாள் ஹெஸ்டர். "காட்டைப் பார்க்க விமர்சகர் வர்றார். ஓடிப்போய் எப்படியாவது அவரைத் திருப்பி அனுப்பு!"