படத்து மனுசி

2004இல் ஒரு ஞாயிறு மத்தியானம் லண்டன் பிளேஸ்டோவில் அந்த வீட்டில் இருந்தவர்கள்: தனியாகக் குடியிருக்கும் வாமதேவன், சம்பந்தம் பேச வந்த செல்வரத்தினமும் மனைவி கலாவதியும், அவர்கள் கூட்டிவந்த விதவை ஜெகதீஸ்வரி. வேறு ஒருவரும் இல்லை.

ஐம்பத்திரண்டு வயதில் வாமதேவனுக்குத் தனிமை அலுத்துவிட்டது. இது சரிவரவேண்டும் என்று புதுச் சட்டை போட்டிருந்தார்.

“முந்திக் கலியாணம் கட்டினனீங்களோ?” என்று ஜெகதீஸ்வரி கேட்டாள்.

“இல்லை.”

“படத்திலை கட்டினவர்!” என்று செல்வரத்தினம் சிரித்தார். “ஜப்பானிலை இருக்கேக்கை, வெளிநாட்டுத் தொழிலாளருக்குக் காட்டுற பாலியல் கல்விப் படம் இரண்டிலை நடிச்சவர். புருசன் வேசம்.”

“சும்மா இரும் ஐசே,” என்று வாமதேவன் அவரைத் தடுத்தார்.

அது இருபது வருடத்துக்கு முந்தைய கதை. மனைவியாக நடித்த ஜப்பானியப் பெண்ணின் பெயர்கூட அவருக்குத் தெரியாது. இரண்டாவது படத்தில் அவள் பிள்ளைத்தாய்ச்சி. மூன்றாவதை எடுக்கமுன் கம்பனியை மூடிவிட்டார்கள்.

“அப்ப, குடும்பம் நடத்திப் பழக்கம் இருக்கு,” என்று ஜெகதீஸ்வரியும் சிரித்தாள். வாமதேவனுக்கு நம்பிக்கை வந்தது.

அப்போது குசினிக் கதவைத் திறந்துகொண்டு, நிறைவயிற்றோடு ஒரு ஜப்பானியப் பெண் தேநீர்த் தட்டுடன் வந்தாள். அதே முகம். ஒரு வயதுகூட ஏறவில்லை. எல்லோருக்கும் கோப்பை வைத்தாள். வாமதேவனுடையதில் மட்டும் சீனி போட்டுக் கலக்கினாள். பிறகு இடுப்பைப் பிடித்தபடி உள்ளே போனாள்.

ஜெகதீஸ்வரி எழும்பினாள். “கட்டேல்லை எண்டனீங்கள்.”

“இஞ்சை பாருங்கோ, அது படம். படம்தான்.”

மூவரும் வெளியேறினார்கள். வாமதேவன் செருப்பும் போடாமல் பின்னால் ஓடினார். கார் புறப்பட்டுவிட்டது. அவர் நடைபாதையில் நிற்க, முதுகுக்குப் பின்னால் வீட்டுக் கதவு மெதுவாகச் சாத்தப்பட்டு, உள்ளேயிருந்து பூட்டப்பட்டது.