நாத்தனார் சாட்சி

அன்று காலை வீட்டில் இருந்தவர்கள்: செங்கமலம், அவள் நாத்தனார் புஷ்பவல்லி, ஒன்பது வருடமாக ரேஷன் கார்டில் மட்டும் குடியிருக்கும் செங்கமலத்தின் புருஷன் தணிகாசலம். கைவிடப்பட்ட பெண்களுக்கான உதவித்தொகை நேர்காணலுக்குச் செங்கமலம் போக வேண்டும். போன முறை, "கார்டுல புருஷன் இருக்காரேம்மா" என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். ஆதாரும் வங்கிப் புத்தகமும் பைக்குள் போயின. அவன் ஓடிப்போனதற்குத்தான் காகிதம் இல்லை.

"உங்கண்ணன் ஓடுறப்ப ரசீது குடுக்கலையே."

"பேர எடுங்கன்னா கேட்டீங்களா அண்ணி? மனசு வரலைன்னீங்க."

புஷ்பவல்லி வெள்ளைத்தாளை இழுத்து, அண்ணன் இவளை விட்டுப்போனதற்குத் தானே சாட்சி என்று எழுதிக் கையெழுத்துப் போட்டாள்.

"அவரு வந்து கேட்டா?"

"கேக்கவாவது வரட்டும்."

செங்கமலத்துக்குச் சிரிப்பு வந்துவிட்டது. புஷ்பவல்லி வெளியே வந்ததும், அவன் வந்தால் திரும்பிப் போய்விடக்கூடாதென்று இத்தனை வருடமாக வெறுமனே சாத்திவிட்டுப் போகும் கதவைச் செங்கமலம் இழுத்துப் பூட்டினாள்.