மணிக்கட்டுப் பிடி

என் மகளின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு கூடத்தின் நடுவில் நின்றேன். நாற்பது பேர் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

ஐகிடோ என்கிற தற்காப்புக் கலைக்கான தேர்வு. மாஸ்டர் ஏற்கெனவே இரண்டு தடவை கையைத் தட்டி நிறுத்திவிட்டார். பிடி சரியில்லையாம். இன்னும் ஒரே ஒரு வாய்ப்பு.

நான் அங்கே நிற்க வேண்டியவனே இல்லை. அவளோடு ஜோடியாகப் பயிற்சி செய்த பெண்ணுக்குக் காலையில் காய்ச்சல். சுவரில் ஒட்டியிருந்த பாடத்திட்டத்தில், ஒன்பதாவது பாடத்துக்கு நேரே, பிடிப்பவர் தேர்வுக்கு நிற்பவரைவிடப் பலசாலியாக இருக்க வேண்டும் என்று போட்டிருந்தது. பெற்றோர் வரிசையில் மாஸ்டரின் கண் மேய்ந்தது. நான் லிஃப்ட் மெக்கானிக். இருபது வருடம் ஸ்பேனர் பிடித்த கை. வேறு யார் மாட்டுவார்கள்?

மொத்தம் ஒன்பது பாடம். அதில் முதல் நான்கும் விழுவதற்கே. பின்பக்கம் விழுவது, பக்கவாட்டில் விழுவது, உருண்டு விழுவது, விழுந்த வேகத்தில் எழுவது. உனக்கு நடக்கக் கற்றுக்கொடுக்க எனக்கு ஒரு மாதம்தான் ஆனது, விழுவதற்குப் போய் ஆறு மாத வகுப்பா என்று வீட்டில் கிண்டல் செய்திருக்கிறேன். அவளும் சிரிக்கவில்லை, அவள் அம்மாவும் சிரிக்கவில்லை.

இந்த வகுப்பை அவளே விசாரித்து, அவளே விண்ணப்பம் வாங்கி வந்து என் முன்னால் நீட்டினாள். பன்னிரண்டு வயது. பாட்டு, நீச்சல் என்று எத்தனையோ இருக்க, இது எதற்கு என்று கேட்டேன். பேனாவை எடுத்து நீட்டினாள். கையெழுத்துப் போட்டேன். அவள் கேட்டு நான் எதைத்தான் மறுத்திருக்கிறேன்?

எட்டுப் பாடங்களை அன்று ஊதித் தள்ளிவிட்டாள். அவள் உருண்டு எழுந்த அழகைப் பார்த்து எனக்குத் தலைகால் புரியவில்லை. பக்கத்து நாற்காலிக்காரரிடம் என் பொண்ணு, என் பொண்ணு என்று இரண்டு தடவை சொன்னேன். அவர் பாவம், தன் பையனைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இது ஒன்றுதான் பாக்கி. இதில் கோட்டை விட்டால் மஞ்சள் பெல்ட் கிடையாது. திரும்பவும் முதல் பாடத்திலிருந்து ஆறு மாதம். ஒரு வாரமாக அவள் சரியாகச் சாப்பிடவே இல்லை.

இந்த வித்தையில் சிக்கல் என்னவென்றால், அவளுடைய பலத்துக்கு அங்கே வேலையே இல்லை. பிடிப்பவனின் பலத்தை வாங்கித்தான் அவனைச் சாய்க்க வேண்டும். நான் பூப்போலப் பிடித்தால் அவள் எதை வாங்குவாள்?

முதல் தடவை, அவள் திரும்புவதற்குள் நானே விழுந்துவிட்டேன். கூடமே சிரித்தது. இரண்டாவது தடவை, அவள் இழுத்ததும் என் கை தானாகக் கழன்றுகொண்டது. இந்த முறை யாரும் சிரிக்கவில்லை.

"சார், பாவம் பாக்காதீங்க. நல்லா இறுக்கிப் பிடிங்க. நீங்க விட்டுக்குடுத்தா அவதான் ஃபெயில் ஆவா."

மாஸ்டரிடம் தலையை ஆட்டினேன். சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டது. கடிகாரத்தைப் பார்த்தேன், கதவைப் பார்த்தேன், உள்ளங்கையைப் பேண்ட்டில் துடைத்தேன். நின்ற இடத்தில் நிற்க முடியவில்லை.

எப்படி இறுக்குவேன்? பிறந்ததிலிருந்து இந்தப் பெண்ணை ஒரு அடி அடித்ததில்லை, ஒரு அதட்டு அதட்டியதில்லை. சின்ன வயதில் ஊசி போடும்போது கையைப் பிடிக்கச் சொன்னால், நர்ஸிடம் கொடுத்துவிட்டு வெளியே போய் நின்றுகொள்வேன். இவள்தான் என் உயிர். இதைச் சொல்ல எனக்கு வெட்கமே இல்லை.

பிடித்தேன். முடிந்த மட்டும் அழுத்தினேன். மாஸ்டர் உதட்டைப் பிதுக்கினார்.

மகள் என் விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு நிமிர்ந்தாள். முகத்தில் கோபம் இல்லை, அழுகை இல்லை. எனக்குப் பிடிபடாத ஒரு கணக்கைப் பொறுமையாக விளக்குகிறவள்போலத்தான் சொன்னாள். அந்த அமைதியில் எல்லோருக்கும் கேட்டது.

"அப்படி இல்லப்பா. வீட்ல அம்மா கையப் பிடிப்பீங்கல்ல, அந்த மாதிரி பிடிங்க."

பெற்றோர் வரிசையில் ஒரு நாற்காலி நகரும் சத்தம் கேட்டது. நான் திரும்பிப் பார்க்கவில்லை.

மகள் காலை அகற்றி வைத்துத் தயாராக நின்றாள். அவள் தேற வேண்டும்.

பிடித்தேன்.

அடுத்த நொடி விரிப்பில் மல்லாந்து கிடந்தேன். யாரும் கை தட்டவில்லை. மாஸ்டர் தலையைக் குனிந்துகொண்டு மதிப்பெண் எழுதினார்.