கொம்பன் வரும் வழி

"சாக்கு இல்லைய்யா. எதிர்த்த கடையில கேளுங்க."

கம்ப்யூட்டரை விட்டுத் தலையை நிமிர்த்தாமலே சொன்னார் ராமசுப்பு. அவருக்குப் பின்னால் சாக்குக் கட்டுகள் மலையாக நின்றன. இன்னும் ஒரு கட்டு ஏற்றினால் ஓடு பிய்ந்து கோவில்பட்டி வானம் தெரியும்.

வந்தவர் விளாத்திகுளம் பக்கம் வெள்ளாமை செய்யும் சம்சாரி. மிளகாய் வத்தல் அள்ளச் சாக்கு வேண்டி பஸ் ஏறி வந்தவர். மலையைப் பார்த்தார், ராமசுப்புவைப் பார்த்தார். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு தெருவைக் கடந்து வள்ளித்தாய் கடைக்குப் போனார்.

வாசலில் நின்று இதைப் பார்த்த பாண்டியராஜனுக்குக் காது சிவந்தது. கடம்பூரிலிருந்து அவர் வந்ததே இதற்காகத்தான். ராமசுப்புவுக்குக் கட்டிக்கொடுத்த தங்கை சத்தியபாமா போனில் அழுதிருந்தாள்.

"அண்ணே, பில் போடுதேன்னு இவிய கம்ப்யூட்டர் வாங்கினாவ. இப்பம் அதுல ஏதோ கோட்டையைக் காக்குதாவ. கடையை யாரு காக்குறது? நீ வந்து அந்தப் பெட்டியைத் தூக்கிட்டுப் போயிரு."

பாண்டியராஜன் உள்ளே வந்தார். "மாப்ளே, மொத்த யாவாரம் ஓடுது, சரி. சில்லறைக்கு வாரவனை இப்படி விரட்டுதீங்களே?"

"வாங்க மச்சான், இப்படி உக்காருங்க. கொம்பன் வார நேரம்."

"எந்தக் கொம்பன்?"

திரையில் பாம்பு மாதிரி ஒரு பாதை. முடிவில் ஒரு கோட்டை. குட்டிப் பூதங்கள் சாரைசாரையாக வர, பாதையோரம் ராமசுப்பு நட்டு வைத்திருந்த கோபுரங்கள் அவற்றைச் சுட்டுத் தள்ளின.

"இதெல்லாம் பொடிசு. கடைசியில ஒருத்தன் வருவான், ரெண்டு கொம்போட. எத்தனை குண்டு போட்டாலும் எருமை மேல மழை பெஞ்ச மாதிரி நடந்து வருவான்."

"பீரங்கியை எல்லாம் கோட்டை வாசல்ல குமிச்சு வழியை மறிக்க வேண்டியதுதானே?"

"எல்லாரும் அதைத்தான் செய்யுதாங்க. மறிச்சா அவனுக்கு ரோசம் வந்துரும். அம்புட்டையும் முட்டித் தள்ளிருவான்."

"பெறகு?"

கேட்ட பிறகுதான், தான் சண்டை போட வந்தது பாண்டியராஜனுக்கு ஞாபகம் வந்தது.

"வழி விடணும் மச்சான். ஆனா சுத்துவழியா விடணும். இங்கன ஒரு பனிக் கோபுரம், அங்கன ஒண்ணு. நாமதான் ஜெயிக்கோம்னு நெனைச்சுக்கிட்டே நடப்பான். தோத்தது அவனுக்குத் தெரியவே கூடாது. அதுலதான் இருக்கு சூட்சுமம்."

"சரி, சீக்கிரம் கொன்னு தொலைங்க."

"எங்க கொல்ல? பதினொண்ணு அடிச்சா கரண்டு போயிரும். யுபிஎஸ்ஸும் செத்துப் போச்சு."

பாண்டியராஜன் எழுந்துபோய், மேஜைக்கு முன்னால் கிடந்த சாக்குக் கட்டில் தெருவைப் பார்த்து உட்கார்ந்தார். எதிர்க் கடையில் கூட்டம். நடுவில் வள்ளித்தாய் சாக்கு எண்ணிக் கொடுத்துக்கொண்டிருந்தாள்.

"அது நம்ம கடையில மூட்டை தூக்கின மாடக்கண்ணு பொஞ்சாதிதானே?"

"ஆமா. அவன் செத்தப்ப ஒரு மூட்டை அரிசி அனுப்பினேன். போன வண்டியிலேயே திருப்பி விட்டுட்டா. வேலைக்குக் கூப்பிட்டேன். பாவம் பாத்துக் குடுக்குற வேலை வேண்டாம்னுட்டா. அவளாவே கடை போட்டுட்டா."

"ரோசக்காரிதான்."

"சும்மாவா? அவ ரோசத்துல ஒரு கரண்டி அள்ளிப் போட்டா விறகில்லாம ஊருக்கே சோறு பொங்கலாம்."

"அந்த ரோசக்காரி உங்க யாவாரத்தைத் தின்னுக்கிட்டிருக்கா. கண்ணு தெரியுதா, இல்லையா?"

"பேசாம இருங்க மச்சான். கொம்பன் முதல் வளைவுக்கு வந்துட்டான்."

மவுஸ் டிக் டிக்கென்று தட்டிக்கொண்டே இருந்தது.

ஆட்டுக்காரப் பெண்கள் இரண்டு பேர் கயிறு கேட்டு வந்தார்கள். தலைக்கு மேல் தொங்கிய கயிறு அவர்கள் கன்னத்தில் உரசியது.

"கயிறு இல்ல தாயி. எதிர்த்த கடை."

பாண்டியராஜனுக்கு வேர்த்துக் கொட்டியது. கோபம் வந்தால் உடம்பெல்லாம் இப்படி ஊற்றெடுக்கும் என்று அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டார்.

சற்று நேரத்தில் வள்ளித்தாயே தெருவைக் கடந்து வந்தாள். இடுப்பில் கை வைத்து வாசலில் நின்றாள்.

"அண்ணாச்சி, சொல்லுதேன்னு கோவிச்சுக்காதீங்க. பச்சப்புள்ள மாதிரி இப்படி விளையாடிக்கிட்டிருந்தா கடை வெளங்குமா? வார ஆளெல்லாம் எங்கிட்ட வந்து நிக்குது. எனக்குச் சாக்குத் தைக்கக் கை போதல."

ராமசுப்பு தலையைக் குனிந்துகொண்டார். "இந்த ஒரு ஆட்டம் மட்டும்தாம்மா."

"இதைத்தான நேத்தும் சொன்னிய? அக்கா முகத்தைப் பாக்கவே எனக்குப் பாவமா இருக்கு." குரலைத் தணித்தாள். "வீட்டுல கஷ்டம்னா கூச்சப்படாம சொல்லுங்க அண்ணாச்சி. ஒரு மூட்டை அரிசி அனுப்புதேன்."

சொல்லிவிட்டு, தேர் திரும்புகிற மாதிரி திரும்பி நடந்தாள்.

பாண்டியராஜனுக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருந்தது. மூட்டை தூக்கினவன் பொஞ்சாதி, முதலாளிக்கு அரிசி போடுகிறாளாம். இனி பேச்சில்லை, வயரைப் பிடுங்கவேண்டியதுதான். மேஜையைச் சுற்றிக்கொண்டு பாய்ந்தார். பிளக்கில் கை வைத்தபடியே திரையைப் பார்த்தார்.

கோட்டை இல்லை. பாதை இல்லை. திரை அடுப்புச் சட்டி மாதிரி கறுத்துக் கிடந்தது.

அண்ணாந்து பார்த்தார். மின்விசிறி நின்றிருந்தது. சுவர்க் கடிகாரம் பன்னிரண்டைத் தொடப் போனது.

ராமசுப்புவின் விரல் மட்டும் மவுஸைத் தட்டிக்கொண்டே இருந்தது. கண் தெருவைக் கடக்கும் வள்ளித்தாயின் முதுகிலேயே இருந்தது.

"மாப்ளே, கரண்டு எப்பமோ..."

"மெதுவா மச்சான். தோத்தது தெரிஞ்சா திரும்பி வந்துருவா."