பூனை வந்த இடங்கள்

"சார், உங்க நாலு படத்துலயும் ஒரு சாம்பல் பூனை வருதே, அது யாரோட மனசாட்சி?"

ஆய்வு மாணவி ஆவலை அடக்க முடியாமல் கேட்டேவிட்டாள். எடிட்டிங் அறையின் சுழல் நாற்காலியில் சாய்ந்திருந்த இயக்குநருக்குக் கேள்வி தேனாய் இனித்தது.

"பூனை வாயைத் திறக்காது. ஆனா எல்லாத்தையும் பார்த்துட்டிருக்கும். காதல்னு வந்துட்டா ஊர் உலகம் சும்மா விடுமா? அதைத்தான் பூனையா வச்சேன்" என்று அளந்தார்.

"ஆனா காதல் காட்சியில மட்டும்தான் சார் வருது. கதாநாயகி நிமிர்ந்து பார்க்கறா, உடனே பூனை! நாலு படத்துலயும் ஒரே நடிகை வேற."

"அடேயப்பா, நானே இவ்வளவு கவனிக்கலையே!" என்று சிரித்தவரின் செல்போன் அடித்தது. யாரென்று பார்த்தவர், குரலைத் தாழ்த்திக்கொண்டு வெளியே போனார்.

அதுவரை திரையை விட்டுக் கண்ணெடுக்காமல் வேலை பார்த்துக்கொண்டிருந்த எடிட்டர் அம்மாள் திரும்பினாள்.

"பூனையைச் சேர்த்தது அவரில்லம்மா. நான்."

"நீங்களா மேடம்? எதுக்கு?"

"ஒட்டுப் போடத்தான். ஒரு ஷாட்ல பிசகு இருந்தா, நடுவுல வேற எதையாவது காட்டி மறைச்சிடுவோம். அப்ப எங்க வீட்டுப் பூனைதான் அகப்பட்டுது."

"என்ன பிசகு?"

"காதலனைப் பார்க்க வேண்டிய இடத்துல அந்தப் பொண்ணு வேற பக்கம் பார்த்துடும். அதுவும் முகமெல்லாம் மலர்ந்து."

"வேற பக்கம்னா?"

"கேமராவுக்குப் பக்கத்துல."

"அங்க யார் மேடம் நிப்பாங்க?"

எடிட்டர் கதவுக் கண்ணாடிக்கு அப்பால் போனில் குழைந்துகொண்டிருந்த இயக்குநரைப் பார்த்தாள். மாணவிக்குச் சுருக்கென்றது. எழுதி வைத்த ஆராய்ச்சியெல்லாம் பாழ். ஆனாலும் கேட்காமல் இருக்க முடியவில்லை.

"இந்தப் புதுப் படத்துலயும் அதே நடிகைதானே? பூனை வருமா?"

"வராது. இந்தத் தடவை நான் எதையும் மறைக்கலை. அந்தப் பார்வையை அப்படியே விட்டிருக்கேன். பார்க்கறவங்க பார்த்துக்கட்டும்."

"ஐயையோ! உங்க வேலைக்கு ஆபத்து வந்துடாதா மேடம்?"

"வேலைதானே..." என்று எடிட்டர் சொல்லி முடிப்பதற்குள் கதவு திறந்தது. உற்சாகமாக உள்ளே வந்த இயக்குநர் அவள் தோளில் கை போட்டார்.

"பேச்சு சுவாரஸ்யத்துல அறிமுகப்படுத்தவே மறந்துட்டேன் பாருங்க. இவதான் என் மனைவி!"