ஜப்தி அறை

வழக்கில் ஜெயித்தும் பணம் வரவில்லை. அதனால் பொதுப்பணித் துறைப் பொறியாளரின் நாற்காலியையே ஜப்தி செய்து, குட்டியானை வண்டியில் ஏற்றி நீதிமன்றத்துக்குக் கொண்டுவந்தார் கோர்ட் அமீனா. பின்னாலேயே ஸ்கூட்டரில் வந்தார் வழக்குப் போட்ட ஒப்பந்தக்காரர் திரவியம். நாற்காலியின் முதுகில் போட்டிருந்த வெள்ளைத் துண்டை எடுக்க யாருக்கும் துணிச்சல் வரவில்லை.

நீதிமன்றத்தில் ஜப்திப் பொருள்களை வைக்கும் அறைக்குக் கதவே இல்லை.

"பூட்ட முடியாத ரூம்ல இத எப்படி வைக்கிறது? காணாமப் போனா என் வேலை போயிரும்" என்றார் அமீனா. "எவன்யா இந்தக் கட்டடத்தக் கட்டுனது?"

"நான்தான் சார்" என்றார் திரவியம். "கதவு மாட்டுறதுக்குள்ள பணத்த நிறுத்திட்டாங்க. அந்தப் பணத்துக்குத்தான் இந்தக் கேஸே."

அமீனா உள்ளே போய்க் கேட்டுவிட்டு வந்தார். கதவு வரும்வரை நாற்காலி பொறியாளர் அலுவலகத்தின் பொறுப்பிலேயே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டார்கள்.

வண்டி திரும்பியது. நாற்காலியை இறக்கி வைத்ததும் பொறியாளர் துண்டைச் சரிசெய்துவிட்டு உட்கார்ந்தார்.

"ஒரு கதவுதானே, மாட்டி விட்ருங்களேன்" என்றார், வண்டியோடு வந்திருந்த திரவியத்திடம்.

"மாட்டிருவேன் சார். பில்லு?"

"கேஸ்ல இருக்குற கட்டடத்துக்கு எப்படிய்யா பில்லு போடுறது?"

மறுநாள் காலை அந்த வெற்று நிலைச்சட்டத்தின் முன்னால் அளவுநாடாவோடு நின்றார் திரவியம். அளவு அவருக்கு மனப்பாடம். இருந்தாலும் இன்னொரு முறை அளந்தார்.